தொள்ளாயிரத்து அறுபத்தேழு ராடு

1

வாழைத்தோப்புக்குள் ஒற்றையடிப் பாதையில் வேகமாக இறங்கிக்கொண்டிருந்தேன். தார்ச்சாலை பக்கத்திலேயே போகிறது. அதில் போனால் தெரிந்தவர் யாராவது பைக்கை நிறுத்தி ஏறச் சொல்வார்கள், முகம் ஏன் இப்படி இருக்கிறது என்று கேட்பார்கள். அதனால் இந்தப் பாதை. கையில் தூக்குப்போசி, அதற்குள் யாரும் தொடாத புளிச்சோறு. சட்டைப் பையில் நான்காக மடித்த ஒரு கடிதம். கால்சட்டைப் பையில் கிடந்த வீட்டுச் சாவி ஒவ்வொரு எட்டுக்கும் தொடையில் குத்தியது. முதுகுக்குப் பின்னால் கிளிமஞ்சாரோ. நான் திரும்பிப் பார்க்கவில்லை.

நடந்தது இவ்வளவுதான். என் மகள் தாரணிக்கு இருபத்திரண்டு வயது. மலை வழிகாட்டி ஆவதற்குப் பயிற்சி எடுக்கிறாள். ஆறு நாள் முன்பு முதல்முறையாக உச்சிக்குப் புறப்பட்டவள் அன்று மதியம் மராங்கு வாசல் வழியாக இறங்கி வந்தாள். அங்கே போய் நிற்கப்போகிறேன் என்று அவளிடம் நான் சொல்லியிருக்கவில்லை. வேன்களுக்கு நடுவில் நின்று பார்த்தேன். சுமை தூக்குகிறவர்கள் பாட்டுப் பாடினார்கள், அவளும் கை தட்டிப் பாடினாள். உடம்பில் எலியாஸின் பெரிய சிவப்புக் கோட்டு. எலியாஸ் அவளுக்குத் தொழில் சொல்லிக்கொடுக்கும் வழிகாட்டி, இந்த மலைச்சரிவிலேயே பிறந்தவன். பாட்டு முடிந்ததும் இரண்டு பேரும் பேசிக்கொண்டே வலதுபக்கப் பாதையில் இறங்கினார்கள். அந்தப் பாதை எலியாஸின் அம்மா வீட்டுக்குப் போகிறது. வேறு எங்கும் போவதில்லை.

எங்கள் பக்கம் ஒரு வழக்கம் உண்டு. மலைக்கோயிலுக்குப் போய்வந்தால் நேரே சொந்த வீட்டுக்குத்தான் வரவேண்டும். வழியில் யார் வீட்டுப் படியும் ஏறக்கூடாது. ஏறினால் மலையிலிருந்து கொண்டுவந்தது அந்த வீட்டிலேயே தங்கிவிடும்.

தங்கட்டும் என்று நடக்க ஆரம்பித்தேன். கீழே ஹிமோவில் இருக்கும் என் வீட்டுக்குப் பதினாறு கிலோமீட்டர்.

2

எட்டாம் வகுப்போடு என் படிப்பு நின்றது. திருச்செங்கோட்டில் படிப்பு நின்றவனுக்கு ரிக் வண்டி இருக்கிறது. ராஜஸ்தான், சத்தீஸ்கர், ஒடிசா என்று எங்கெல்லாம் ஆழ்குழாய்க் கிணறு போட்டார்களோ அங்கெல்லாம் போனேன். வண்டிக்கு அடியில் படுத்தேன், வண்டியோடு எழுந்தேன். பதினெட்டு வருடம் முன்பு முதலாளி வண்டியைக் கப்பலில் ஏற்றி டான்சானியாவுக்கு அனுப்பினார். வண்டியோடு நானும் வந்தேன். பிறகு என் மனைவி சரோஜாவும் நான்கு வயது தாரணியும் வந்தார்கள்.

வந்த புதிதில் நான் செய்த கூத்தைச் சொன்னால் சிரிப்பீர்கள். இங்கே பெரியவர்களைப் பார்த்தால் 'ஷிகமூ' என்று சொல்லி வணங்குவார்கள். சின்னப்பிள்ளைக்கும் ங்க போட்டுப் பேசிய வாய் எனக்கு. பள்ளிக்கூடம் போகும் பிள்ளைகளுக்கெல்லாம் ஷிகமூ சொல்லிக்கொண்டு திரிந்தேன், அதுவும் 'ஷிகமூங்க' என்று. பிள்ளைகள் பயந்து ஓடின. தாரணி மூன்றே மாதத்தில் பேசக் கற்று, நான் வாயைத் திறக்குமுன் என் சட்டையைப் பிடித்து இழுக்க ஆரம்பித்தாள்.

எங்கள் தொழிலில் பூமிக்குள் இறக்கும் இரும்புக் குழாயை ராடு என்போம். ஒரு ராடு இருபது அடி. எத்தனை ராடு இறங்கியது என்று எண்ணிக்கொண்டு நிற்பவன் டிரில்லர். இருபத்தெட்டு வருடமாக அதைச் செய்வதால் எதைப் பார்த்தாலும் கண் ராடில்தான் அளக்கிறது. தென்னை மூன்று ராடு. கிளிமஞ்சாரோ பத்தொன்பதாயிரத்து முந்நூற்று நாற்பது அடி. அதாவது தொள்ளாயிரத்து அறுபத்தேழு ராடு.

இந்த நாட்டு மலைகள் பலவற்றின் காலடியில் நான் வேலை செய்திருக்கிறேன். மேரு மலை அடிவாரத்தில் தண்ணீர் தாராளமாக வரும், ஆனால் குடித்தவர்கள் பல் பழுப்பேறியிருக்கும். தர்மபுரிப் பக்கம் பார்ப்போமே, அதே பல். உசம்பாரா மலைகள் ஏற்காட்டைப் போலக் குளிரும், உயரம் இன்னும் அதிகம். ஹனாங் மலை சமவெளியில் நம் கஞ்சமலை மாதிரி தன்னந்தனியாக நிற்கிறது, ஆனால் பதினோராயிரம் அடி. உலுகுரு மலைகளில் பிறக்கும் ஆற்றைத்தான் தாரஸ்ஸலாம் நகரம் குடிக்கிறது. மசாய் மக்கள் கடவுளின் மலை என்று கும்பிடும் லெங்காய் இன்னும் உயிரோடிருக்கும் எரிமலை. அதன் குழம்பு கறுப்பாக வழிந்து சில நாளில் வெளுத்துப்போகும். அதன் காலடியில் துளை போட்ட இரண்டு வாரமும் எனக்குச் சரியாகத் தூக்கம் இல்லை.

இத்தனை மலையில் ஒன்றின் உச்சியும் எனக்குத் தெரியாது. வேலை முடிந்தால் வண்டி அடுத்த ஊருக்குப் போய்விடும்.

கிளிமஞ்சாரோவை மட்டும் பதினெட்டு வருடமாக ஹிமோ வாசலிலிருந்து பார்க்கிறேன். ஒரே மலையில் மூன்று சிகரம். ஷிரா தேய்ந்து மட்டமாகிப்போனது. மாவென்சி உடைந்த பல் மாதிரி. நடுவில் வெள்ளைத் தலையோடு நிற்பது கிபோ. எந்தத் தொடரிலும் சேராத ஒற்றை மலை. காலையில் முகம் காட்டும், பகலெல்லாம் மேகத்துக்குள் இருக்கும், சாயங்காலம் மறுபடி காட்டும். வேலைக்குப் போகிறவர்கள் யாரும் தன்னைப் பார்க்கவேண்டாம் என்று நினைக்கிற மாதிரி.

3

பொறாமையை மறைத்து எழுத எனக்குத் தெரியாது.

முதலில் தண்ணீரில்தான் பொறாமைப்பட்டேன். எலியாஸின் ஆட்கள் தலைமுறை தலைமுறையாக மலை ஓடைகளிலிருந்து சின்னச் சின்ன வாய்க்கால் வெட்டி வீட்டுவாசல் வரை கொண்டுவந்திருக்கிறார்கள். வாழை, காப்பிச்செடி, மாட்டுக்கொட்டில், எல்லாவற்றுக்கும் மேலிருந்து தானாக வரும் தண்ணீர். எங்கள் ஊரில் அறுபது ராடு இறக்கியும் வெறும் பாறைத்தூள்தான் புகையாக வந்து, நிலத்துக்காரர் தலையில் கை வைத்து உட்கார்ந்ததைப் பார்த்தவன் நான். முதல்நாள் அந்த வாய்க்காலில் காலை விட்டபோது குளிர்ச்சியைவிட எரிச்சல்தான் ஏறியது.

பிறகு எலியாஸ் மேல். அவன் மரியாதை தெரிந்தவன், குறை சொல்ல முடியாது. அது இன்னும் மோசம். நான் பத்துத் தடவை சொன்னால் கேட்காதவள், அவன் 'போலே போலே' என்று ஒருதடவை சொன்னால் நடையைக் குறைப்பாள். மெதுவாக, மெதுவாக என்று அர்த்தம். மலை ஏறுகிறவர்களுக்கு அதுதான் மந்திரமாம். வீட்டில் சோறு சாப்பிடும்போதுகூட எனக்கு அதைச் சொல்ல ஆரம்பித்தாள்.

"எங்க மலையில அவசரப்பட்டா தலைவலி வந்துருமுங்கப்பா."

"எங்க மலையா? உனக்கு எப்போ எழுதிக் குடுத்தாங்க, சாமி?"

"பொறந்ததுல இருந்து பாக்கறேன்."

"நீ பொறந்தது திருச்செங்கோடு."

"அது நீங்க பொறந்த மலைங்க" என்றாள். சிரித்துக்கொண்டுதான் சொன்னாள்.

இரண்டு மாதம் முன்பு எலியாஸ் என்னைத் தேடி வந்தான். மேலே வீடுகள் பெருகிவிட்டதால் வெயில் காலத்தில் அவர்கள் வாய்க்காலுக்குத் தண்ணீர் வந்து சேருவதில்லை. அவன் அம்மா மஞ்சள் கேனோடு பள்ளத்தில் இறங்கி ஏறுகிறார். முழங்கால் வீங்கிப் போயிருக்கிறது. அக்கம்பக்கத்து வீடுகளுக்கும் சேர்த்து ஒரு ஆழ்குழாய்க் கிணறு வேண்டும். இடம் பார்க்கப் போனேன். எலுமிச்சையளவு ஈரம் இருந்தாலும் என் கண்ணுக்குத் தெரியும். இடம் நன்றாகவே இருந்தது. வண்டி ஏறும் பாதையும் இருந்தது, ஒரு வளைவு மட்டும் குறுகல்.

முதலாளிக்குப் போன் போட்டு, "வண்டி ஏறாதுங்க" என்றேன்.

மலையையும் வைத்துக்கொண்டு, என் பிள்ளையையும் வைத்துக்கொண்டு, பூமிக்கு அடியில் இருக்கிற தண்ணீரையும் இவனே வைத்துக்கொள்ள வேண்டுமா என்று இருந்தது. அது மட்டும்தானே எனக்குத் தெரிந்த இடம்.

4

சட்டைப் பையில் இருந்த கடிதத்தைப் பற்றிச் சொல்லவேண்டும்.

வழிகாட்டி உரிமம் வாங்க இந்த நாட்டுக் குடிமகளாக இருக்கவேண்டும். தாரணி இந்தியக் கடவுச்சீட்டுக்காரி. இந்த நாட்டுக் குடியுரிமை வாங்கினால் அதை விட்டுவிட வேண்டும், இரண்டையும் வைத்திருக்க முடியாது. குடியேற்ற அலுவலகத்தில் கேட்ட காகிதங்களில் ஒன்று, இத்தனை வருடமும் அவள் என்னோடு இங்கேயே வாழ்ந்தாள் என்று நான் கையெழுத்துப் போட்டுத் தரும் கடிதம்.

அந்த அலுவலகத்துக்கும் எனக்கும் பழைய பகை. என் அனுமதியைப் புதுப்பிக்கப் போகும்போதெல்லாம் கைரேகை வைக்கும் கருவி என் விரலை ஏற்காது. இரும்பும் கிரீஸும் தேய்த்துத் தேய்த்து ரேகையே போய்விட்டது. கடைசியாகப் போனபோது அங்கிருந்த பெண், "உங்களுக்கு விரலே இல்லை என்று கருவி சொல்கிறதே" என்றாள். நாளைக்கு வாருங்கள் என்றாள். நாளைக்கும் அதே விரல்தான் இருக்கும் என்றேன்.

தாரணி கடிதத்தைத் தட்டச்சு செய்து கொண்டுவந்து மேசைமேல் வைத்தாள். மூன்று வாரம் அங்கேயே கிடந்தது. நான் அதன்மேல் மூக்குக் கண்ணாடியை வைப்பேன், டீ டம்ளரை வைப்பேன்.

"அப்பா, ஒரு கையெழுத்துத்தானுங்க."

"நாளைக்கு நம்மூருக்கு வாரதுக்கு விசா வாங்குவியா கண்ணு? அத்தை ஊட்டுக் கல்யாணத்துக்கு விசாவா?"

"வாங்குவேன். வாங்கிட்டு வாரேன். இப்பவும் ப்ளேன் டிக்கட் வாங்கித்தானுங்க வாரோம்."

மூக்குக் கண்ணாடியை மறுபடி கடிதத்தின்மேல் வைத்தேன். அவள் மலைக்குப் போன மூன்றாம் நாள் கையெழுத்துப் போட்டேன். போட்டேனே தவிர, மனதுக்குள் ஒரு நிபந்தனை வைத்துக்கொண்டேன். அவள் இறங்கியதும் நேரே நம் வீட்டுக்கு வரட்டும், வாசலிலேயே கையில் கொடுக்கிறேன். வேறு வீட்டுக்குப் போனால் கிழித்துப்போடுகிறேன். இந்த நிபந்தனையை அவளிடம் சொல்லவில்லை. யாரிடமும் சொல்லவில்லை. சரோஜா கேட்டிருந்தால் காறித் துப்பியிருப்பாள். அவள் தன் அம்மாவின் கண் ஆபரேஷனுக்காக மோகனூர் போய் மூன்று வாரம் ஆகிறது. போகிற அவசரத்தில் வீட்டின் இரண்டாவது சாவியையும் பர்ஸோடு கொண்டுபோய்விட்டாள்.

5

பாதி வழியில் முதலாளி கூப்பிட்டார்.

"சாமி, எங்க இருக்கற?"

"நடந்துட்டு இருக்கறனுங்க."

"நீ எந்நேரமும் நடந்துட்டுத்தான் இருக்கற. தெக்கால ருங்வே மலைப் பக்கம் நாலு கெணறு வந்திருக்குது. ரெண்டு மாச வேலை. நீ போறியா, வேற ஆளை அனுப்பட்டுமா?"

ருங்வே நாட்டின் மறுகோடியில் இருக்கிறது, ஆயிரம் கிலோமீட்டர். அதன் அடிவாரத்தையும் நான் பார்த்ததில்லை. "நானே போறனுங்க. நாளைக்கே கிளம்பறேன்" என்றேன். சொன்னதும் உடம்பு லேசானது. ஓர் இடத்தில் மனசு கெட்டுப்போனால் அடுத்த இடத்துக்குப் போவதுதான் எனக்குத் தெரிந்த வைத்தியம். போனை அணைத்துப் பையில் போட்டேன்.

வாய்க்கால் ஓரத்தில் ஒரு கல்லில் உட்கார்ந்து புளிச்சோற்றைத் திறந்தேன். இரண்டு வாய் சாப்பிட்டு மூடிவைத்தேன். அப்போது திருச்செங்கோடு நினைவுக்கு வந்தது. தாரணிக்குப் பத்து வயது இருக்கும்போது விடுமுறைக்குப் போயிருந்தோம். சித்திரை வெயிலில் மலைப்படி அத்தனையும் ஏறி இறங்கினோம். அடிவாரத்தில் என் அத்தை வீடு. பிள்ளை தாகத்தில் அந்த வீட்டுக்குள் ஓடப் பார்த்தாள். வாசற்படியில் ஒரு கால் வைத்துவிட்டாள். கையைப் பிடித்து வெளியே இழுத்தேன். அத்தை சொம்போடு ஓடிவந்து, "பச்சப்புள்ளைக்குத் தண்ணி குடுத்தா எந்தச் சாமி கண்ணைக் குத்துது?" என்று கத்தினார். நான் கேட்கவில்லை. கொதிக்கிற தார் ரோட்டில் ஒரு மைல் நடத்திக்கொண்டு போனேன். அழுதுகொண்டே வந்தாள். அந்த மலை கிளிமஞ்சாரோவில் பத்தில் ஒரு பங்குகூட இருக்காது.

அந்த மலையை ஊரிலேயே விட்டுவிட்டேன் என்றுதான் நினைத்தேன். ஆனால் அந்த வழக்கத்தை மட்டும் பதினெட்டு வருடமாகக் கையில் பிடித்துக்கொண்டு, அதை வைத்துப் பிள்ளையை அளந்துகொண்டிருந்தேன். அந்தக் கல்லில் உட்கார்ந்து இதை யோசித்தேன் என்று சொன்னால் பொய். அப்போது யோசித்ததெல்லாம், இந்நேரம் எலியாஸ் வீட்டில் அவளுக்கு என்ன சாப்பிடக் கொடுத்திருப்பார்கள் என்பதுதான்.

6

ஹிமோ தெருமுனையில் திரும்பும்போது வெயில் சாய்ந்திருந்தது. பக்கத்து வீட்டு நீமாவின் அம்மா எண்ணெய்ச் சட்டியை விட்டு எழுந்து வந்தார். அந்த ஊர்ப் பாஷையில் அவர் திட்டியதன் சாரம் இது:

"நீயெல்லாம் ஒரு தகப்பனா? பிள்ளை மூன்றரை மணியிலிருந்து உன் வாசலில் உட்கார்ந்திருக்கிறாள். போனையும் அணைத்து வைத்திருக்கிறாய். என் வீட்டுக்குள் வந்து படு என்றால் வரமாட்டேன் என்கிறாள். நாற்காலி கொடுத்தேன், அது எங்கள் வீட்டு நாற்காலி வேண்டாம் என்கிறாள். உங்கள் ஆட்களுக்குப் பைத்தியமா?"

தாரணி பூட்டிய கதவில் சாய்ந்து தரையில் உட்கார்ந்திருந்தாள். உதடு வெடித்து, மூக்கு நுனி தோலுரிந்திருந்தது. பூட்ஸ் கழற்றவில்லை. சிவப்புக் கோட்டு இல்லை.

"எங்கீங்கப்பா போயிட்டீங்க? சாவி உங்ககிட்டத்தானுங்க இருக்குது."

"நீ... எலியாஸ் ஊட்டுக்குப் போகலையா?"

"கோட்டைக் குடுக்கப் போனேன். வேலிக்கு இந்தப் பக்கமே நின்னுட்டு வந்துட்டேன். அவங்கம்மா வாழைப்பழம் கொண்டாந்து நீட்டுனாங்க, கையில தொடலை. அவங்களுக்குக் கோவம். என் ஊட்டுல என்ன குறைன்னு கேட்டாங்க." பிறகு என் கையிலிருந்த தூக்குப்போசியைப் பார்த்தாள். "நீங்களும் மராங்கு வந்தீங்களா?"

நான் பையிலிருந்து சாவியை எடுத்தேன்.

"நாஞ் சொன்னதை நீ இன்னும் ஞாபகம் வச்சிருக்கியா கண்ணு?"

"மறக்கற மாதிரியா சொன்னீங்க? அன்னிக்குக் காலெல்லாம் கொப்பளம்." சுவரைப் பிடித்துக்கொண்டு எழுந்தாள். "இன்னிக்கும் கொப்பளம். மலைன்னா அப்படித்தானாட்ட இருக்குது."

உள்ளே வந்து பூட்ஸைக் கழற்றிக் கவிழ்த்தாள். சாம்பல்நிறப் பொடிக்கல் சிமெண்டுத் தரையில் கொட்டியது. உச்சிக்குக் கீழே சரிவு முழுக்க இதுதானாம், ஓர் எட்டு வைத்தால் அரை எட்டுச் சறுக்குமாம். மேலேயிருந்து ஒன்றும் எடுத்துவரக் கூடாது என்று சட்டம், இது தானாக வந்தது என்றாள். கொஞ்சம் எடுத்து உள்ளங்கையில் தேய்த்துப் பார்த்தேன். துளையிலிருந்து வெளியே வரும் தூளைத் தேய்த்துப் பார்த்து அடியில் என்ன பாறை என்று சொல்வது என் தொழில். தொள்ளாயிரத்து அறுபத்தேழாவது ராடின் தூள் என் கைக்கு வந்தது அதுதான் முதல்தடவை.

"மேல எப்படி இருந்துச்சு சாமி?"

"குளிர். வாந்தி. ரெண்டு தடவை திரும்பிரலாம்னு அழுதேன்." தூக்குப்போசியில் மிச்சமிருந்த புளிச்சோற்றை வழித்து வாயில் போட்டுக்கொண்டே சொன்னாள். "சூரியன் வந்தப்போ கீழ பாத்தேன். நம்ம ஊடு எந்தப் பக்கம்னு எலியாஸைக் கேட்டேன். மேகந்தான் இருந்துச்சு."

கடிதத்தை எடுத்து மேசைமேல் வைத்தேன். வியர்வையில் ஓரம் நனைந்திருந்தது, கையெழுத்து கலையவில்லை. அவள் அதைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், சோற்றுக் கையை நக்கிவிட்டு இடதுகையால் கடிதத்தை எட்டத் தள்ளி வைத்தாள், எண்ணெய் படாமல்.

பொறாமை அப்போது தீர்ந்துபோனது என்று எழுதினால் நன்றாக இருக்கும். தீரவில்லை. அவள் சாப்பிட்டபடி சொன்ன ஒவ்வொன்றும், பனிப்பாறை, கீழே தெரிந்த மாவென்சி, எல்லாம் எலியாஸ் பார்த்தது, நான் பார்க்காதது. அவளுக்கு அவனிடம் சொல்லவேண்டிய தேவையே இல்லை. என்னிடம்தான் சொல்லவேண்டியிருந்தது. அந்த அளவுக்கு ஒரு லாபம் என் பக்கம் இருந்தது, அதைப் பிடித்துக்கொண்டேன்.

7

காலை ஆறரை மணிக்கு மலை முகம் காட்டிக்கொண்டிருந்தபோது முதலாளிக்குப் போன் போட்டேன்.

"ருங்வேக்கு வேற ஆளை அனுப்புங்க."

"ஏப்பா, நேத்துத்தானே போறேன்னே?"

"மராங்குல அந்த ஊட்டு வேலையை எடுத்துக்கறனுங்க. வண்டி நம்ம யார்டுல சும்மாதானுங்க நிக்குது."

"அங்க வண்டி ஏறாதுன்னு நீதானய்யா சொன்னே?"

"ஏறுமுங்க. அன்னிக்கே ஏறும். பொய் சொல்லிட்டனுங்க."

"என்ர சர்வீஸ்ல டிரில்லர் ஏறும்னு பொய் சொல்லித்தான் பாத்திருக்கறேன்" என்றார். "போ. பாத்து ஏத்து."

தாரணி கடிதத்தோடு மோஷியில் உள்ள குடியேற்ற அலுவலகத்துக்குக் கீழ்நோக்கிப் போகும் பேருந்தில் ஏறினாள். செருப்புத்தான் போட முடிந்தது. நான் உதவி ஆட்களோடு யார்டிலிருந்து வண்டியை எடுத்துக்கொண்டு மேல்நோக்கிப் போனேன். குறுகலான வளைவில் எலியாஸ் வேலிக் குச்சிகளைப் பிடுங்கி வழி விட்டான். வண்டி நின்றதும் அவன் அம்மா மஞ்சள் கேனோடு வந்து நின்று, நேற்று என் மகள் தன் வீட்டுக்குள் வராமல் போனதைப் பற்றி என்னிடம் முறையிட்டார். தப்பு என்னுடையது, அடுத்தமுறை மலைக்குப் போகாத நாளில் அவளைக் கூட்டிவருகிறேன் என்றேன். புரிந்ததோ இல்லையோ, ஒரு வாழைப்பழம் கொடுத்தார். நான் வாங்கிச் சாப்பிட்டேன். நான் எந்த மலைக்கும் போய்வந்தவன் இல்லையே.

குறித்த இடத்தில் சூடம் ஏற்றித் தேங்காய் உடைத்தோம்.

"எவ்வளவு ஆழம் போவீர்கள்?" என்று எலியாஸ் கேட்டான்.

"இருபது ராடு. வேண்டுமானால் இருபத்தைந்து."

"அவ்வளவு போதுமா?"

"போதும். மீதி ராடெல்லாம் மேலே உன்னிடம் இருக்கிறது" என்றேன்.

கம்ப்ரசர் ஓட ஆரம்பித்ததும் அவன் காதைப் பொத்திக்கொண்டு தள்ளிப் போனான். மலை மேகத்துக்குள் போய்விட்டிருந்தது. முதல் ராடு இறங்கியது. வெளியே வந்த தூளைக் கையில் எடுத்துத் தேய்த்துப் பார்த்தேன். மேலே சிவப்பு மண், அதற்குக் கீழே சாம்பல் நிறம். இரண்டாவது ராடை மாட்டச் சொல்லிக் கை காட்டினேன்.